பூங்காவாகாத பூங்கா நிலம்

பெரியப்பாவின் மனையில் வீடு கட்ட விண்ணப்பித்தபோது, ஒரு பகுதியில் எந்த நிலம் எதற்கு என்று வகுக்கும் விரிவு வளர்ச்சித் திட்டத்தில் அந்த இடம் பூங்காவுக்கு ஒதுக்கப்பட்டிருப்பதாகக் கூறி அனுமதி மறுத்தார்கள். பல ஆண்டுகளாக அங்கே பூங்காவும் வரவில்லை, இழப்பீடும் வரவில்லை. வேலிக்கருவை மட்டும் வளர்ந்திருந்தது.

அப்போதுதான் 1971ஆம் ஆண்டின் தமிழ்நாடு நகர் ஊரமைப்புச் சட்டத்தை ஊன்றிப் படித்தேன். திட்ட அறிவிப்பு அரசிதழில் வெளியான நாளிலிருந்து 3 ஆண்டுகளுக்குள் நிலத்தைக் கையகப்படுத்துவதற்கான பிரகடனம் வெளியாகாமலோ, உடன்பாட்டின்பேரில் நிலம் பெறப்படாமலோ போனால், அந்நிலம் ஒதுக்கீட்டிலிருந்து விடுவிக்கப்பட்டதாகவே கருதப்படும் என்கிறது அதன் 38ஆவது பிரிவு. நகருக்குத் திட்டமிடல் வேண்டும் என்பதில் எனக்கு ஐயமில்லை. ஆனால் வாங்கவும் செய்யாமல், கட்டவும் விடாமல் ஒருவரின் சொத்தை முடக்கிவைப்பது திட்டமிடல் ஆகாது.

ஒன்றை மட்டும் குழப்பிக்கொள்ளக் கூடாது. மனைப்பிரிவு ஒப்புதலின்போது உரிமையாளரே பொதுப் பயன்பாட்டுக்கெனத் தானப்பத்திரம் எழுதி ஒப்படைத்த திறந்தவெளி இடத்துக்கு இந்த விடுவிப்பு பொருந்தாது. விடுவிக்கப்பட்ட மனையிலும் பக்கவெளி (கட்டடத்தின் பக்கங்களில் விடவேண்டிய இடம்), தளப்பரப்புக் குறியீடு (மனையின் பரப்புக்கு ஏற்ப எவ்வளவு தளப்பரப்பு கட்டலாம் என்ற வரம்பு) முதலிய விதிகளுக்கு உட்பட்டே கட்ட முடியும். பெரியப்பா இப்போது 38ஆவது பிரிவைச் சுட்டி மீண்டும் விண்ணப்பித்திருக்கிறார்.