ஆறிப்போன தோவ்ஜி

"ஆற வைத்துக் குடிக்கிறவர்களை இனிமேல் இங்கே கூட்டிக்கொண்டு வராதே" என்று அந்தக் கடைக்கார அம்மா சொன்னார். குரலை உயர்த்தவில்லை. எங்கள் மேசையிலிருந்த தோவ்ஜிக் கிண்ணங்களை ஒன்றின்மேல் ஒன்றாக அடுக்கிக்கொண்டே, என் முகத்தைப் பார்க்காமல் சொன்னார். "காசு கொடுத்துத்தானே அம்மா வாங்குகிறோம்" என்றேன். அதற்கு அவர் ஒன்றும் சொல்லவில்லை. மிச்சமிருந்ததையெல்லாம் வாளியில் கொட்டிவிட்டு, வரிசையில் நின்ற அடுத்த ஆளைக் கவனிக்கப் போய்விட்டார்.

நடந்தது இவ்வளவுதான். சண்டை என்றுகூடச் சொல்ல முடியாது. பெய்ஜிங்கில் சாப்பாட்டு டூர் கைடாக இருப்பவனுக்குப் புகார் புதிதில்லை. ஆனால் மற்றவையெல்லாம் பணம் கொடுத்து வருகிறவர்கள் சொல்வது: நடை அதிகம், காரம் அதிகம், கழிப்பறை சரியில்லை. சாப்பாடு போடுகிறவர் சொன்னது இது ஒன்றுதான். அதனால்தானோ என்னவோ, மனதை விட்டுப் போக மாட்டேன் என்கிறது.

தோவ்ஜி தெரியாதவர்களுக்குக் கொஞ்சம் சொல்லிவிடுகிறேன். பாசிப்பயறை ஊறவைத்து அரைத்து, அதன் மாவுச்சத்தைப் பிரித்து, கண்ணாடி போலத் தெரியும் மெல்லிய நூடுல்ஸ் செய்வார்கள். மாவு அடியில் தங்கிவிடும். கெட்டியான கசடை ஆட்டுக் கொழுப்பில் வதக்கினால் மா தோவ்ஃபு என்ற பொரியல். மெல்லிய தண்ணீர் இருக்கிறதே, அதைப் புளிக்கவிட்டுக் காய்ச்சினால் தோவ்ஜி. சாம்பலும் பச்சையும் கலந்த நிறம், மூக்கில் ஏறும் புளிப்பு. தொட்டுக்கொள்ள, இழை இழையாக நறுக்கிய உப்பு ஊறுகாயும் கொஞ்சம் மிளகாய் எண்ணெயும். கடிக்க, ஜியாவ்ச்சுவான் என்கிற மொறுமொறு மாவு வளையம். எதையும் கீழே கொட்ட மனம் வராதவர்கள் கண்டுபிடித்த சாப்பாடு. சியென்லுங் பேரரசரின் காலத்தில் அரண்மனைச் சமையலறைக்குள்ளும் நுழைந்தது என்பார்கள்.

இதில் எல்லாமே சூட்டில் இருக்கிறது. அடுப்பில் அண்டா மெல்லிய தீயில் இருக்கும். தளதளவென்று கொதிக்கவிட்டால் தண்ணீர் வேறு கசடு வேறாகப் பிரிந்துவிடும் என்று அந்த அம்மா கரண்டியைக் கையை விட்டு எடுக்கவே மாட்டார். கிண்ணத்தில் ஊற்றியதும், உதட்டை விளிம்பில் வைத்து, கிண்ணத்தைத் திருப்பித் திருப்பி ஓரமாக உறிஞ்ச வேண்டும். நடுவில் ஒரு வாய் ஊறுகாய். அப்படிக் குடித்தால் புளிப்புக்குப் பின்னால் ஒரு மெல்லிய இனிப்பு வரும். ஆறினால் அந்த இனிப்பு போய்விடும். கசடு அடியில் இறங்கி, மேலே வெறும் புளித்த தண்ணீர் நிற்கும். வாடையும் அப்போதுதான் கூடும்.

எங்கள் மேசையில் நடப்பது என்ன? பத்துப் பேர் உட்காருவார்கள். பத்துக் கிண்ணம் வரும். ஒருவர் குடிக்க, மற்றவர்கள் போனைத் தூக்கிக்கொள்வார்கள். அவர் முகம் கோணும், சிரிப்பு எழும். சரி, அடுத்து நீங்கள். இல்லை இல்லை, அவர் முதலில். இப்படி ஆறாவது ஆளிடம் வரும்போது கிண்ணம் கைக்குச் சுடவே சுடாது. அவர் முகம் முதல் ஆளின் முகத்தைவிட இன்னும் மோசமாகக் கோணும். பக்கத்து மேசைகளில், தினமும் காலையில் பூங்காவில் நடந்துவிட்டு வந்து உட்காருகிற பெரியவர்கள் குனிந்து உறிஞ்சிக்கொண்டிருப்பார்கள். சிலர் திரும்பிப் பார்ப்பார்கள், சிலர் பார்க்க மாட்டார்கள்.

என் பக்க நியாயத்தையும் சொல்ல வேண்டும். நான் இந்த வேலைக்கு வந்த காலத்தில் எல்லா டூரும் வாங்ஃபுஜிங் கடைத்தெருப் பக்கம்தான் போகும். குச்சியில் குத்திய தேள், கடல்குதிரை, நட்சத்திர மீன். ஷாண்டோங் மாகாணத்தில் தேளைப் பொரித்துச் சாப்பிடுவது உண்மைதான். பட்டுப்புழுவும் வடகிழக்கு மாகாணங்களில் வீட்டுச் சாப்பாடுதான். ஆனால் நட்சத்திர மீனைக் கடித்துவிட்டு வேலைக்குப் போகிற பெய்ஜிங்காரர் யாரையும் நான் பார்த்ததில்லை. அது வெளியூர்க்காரர்கள் போட்டோ எடுப்பதற்காகவே போட்ட கடை. அங்கே 1984இல் தொடங்கிய டோங்ஹுவாமென் இரவுச் சந்தையை 2016 ஜூனில் மூடினார்கள். எங்கள் அலுவலகத்தில் எல்லோரும் கையைப் பிசைந்தபோது எனக்கு மட்டும் உள்ளூர நிம்மதி. இந்த ஊர்க்காரர்கள் உண்மையாகவே சாப்பிடுவதைக் காட்டலாம் என்று வாதாடி, சியான்மென்னுக்குத் தெற்கே காலைச் சாப்பாட்டு நடையை உண்டாக்கியவன் நான்.

அந்த நடையில் எனக்கு இன்றும் பெருமை உண்டு. நியூஜியே பக்கத்து ஹுய் முஸ்லிம்களின் கடையில் பாவ்து, அதாவது ஆட்டு இரைப்பை. இரைப்பையின் எந்தப் பகுதி என்பதைப் பொறுத்து, கொதிநீரில் எத்தனை நொடி என்பது மாறும். ஒரு நொடி கூடினால் ரப்பர். வெந்ததும் எள் விழுதில் தோய்த்துச் சாப்பிட வேண்டும். இன்னொரு கடையில் ச்சாவ்கான், பன்றி ஈரலும் குடலும் பூண்டு மணக்கும் கெட்டிக் குழம்பில். அப்புறம் லூஜு ஹுவோஷாவ், குடலும் நுரையீரலும் ரொட்டித் துண்டும் ஒரே குழம்பில் ஊறியது. ஒவ்வொன்றிலும் என்ன இருக்கிறது என்பதை வாயில் வைப்பதற்கு முன்பே சொல்லிவிடுவேன். சாப்பிட வைத்துவிட்டு "இப்போது சாப்பிட்டது நுரையீரல்" என்று சொல்லிச் சிரிக்கும் கைடுகள் உண்டு. ஒருவர் மாடு சாப்பிட மாட்டார், ஒருவர் பன்றி சாப்பிட மாட்டார், அவர்கள் வயிற்றில் விளையாட நமக்கு என்ன உரிமை? இந்த விஷயத்தில் நான் யாருக்கும் விட்டுக்கொடுத்ததில்லை.

ஆனால் தோவ்ஜிக்கு வரும்போது நான் ஒரு வரி சொல்வேன். "பெய்ஜிங்கில் பிறக்காத சீனர்களே பாதிப்பேர் இதைக் குடிக்க மாட்டார்கள். உங்களால் முடியுமா பார்க்கலாம்." வரியில் பொய் இல்லை. மற்ற மாகாணங்களிலிருந்து வேலைக்கு வந்த இளைஞர்கள் அந்தக் கடையில் எங்கள் ஆட்களைவிட மோசமாக முகம் கோணுவதைப் பார்த்திருக்கிறேன். அந்த வரியைச் சொன்னால் சோர்ந்து உட்கார்ந்திருப்பவர்களும் நிமிர்வார்கள். காலையிலிருந்து நடந்த களைப்பு போய், மேசை கலகலப்பாகும். எங்கள் டூரைப் பற்றி எழுதுகிறவர்கள் பாதிப்பேர் இந்தக் கட்டத்தைத்தான் எழுதுகிறார்கள். தேளை ஒழித்துவிட்டோம் என்று நினைத்த எனக்கு, அந்த வரியைச் சொல்லும்போதெல்லாம் இப்போது தேள் ஞாபகம் வருகிறது. தேளைப் பார்த்து அலறினால் யார் மனதும் நோகாது. தோவ்ஜி ஒருவர் காலையில் எழுந்து காய்ச்சி வைத்தது.

இதற்கு எதிராக நானே எனக்குச் சொல்லிக்கொள்வதும் உண்டு. மலேசியாவின் கிள்ளானிலிருந்து ஒரு பெரியவர் வந்திருந்தார். கிண்ணம் வந்ததும் யாரையும் எதிர்பார்க்காமல் எடுத்து ஊதி ஊதிக் குடித்தார். ஊறுகாயை விரலால் கிள்ளி வாயில் போட்டுக்கொண்டார். "தம்பி, இது நம்ம நீராகாரம் மாதிரி இல்ல இருக்கு? சின்ன வயசுல எஸ்டேட்ல அம்மா குடுப்பாங்க" என்றார். "இன்னொண்ணு சொல்லட்டுமா அங்கிள்?" என்று கேட்டேன். "சொல்லுங்க, சூடா வரட்டும்" என்றார். இரண்டாவது கிண்ணத்தை அந்த அம்மாவே கொண்டுவந்து வைத்துவிட்டு, அவர் குடித்து முடிக்கும் வரை அண்டாவுக்குத் திரும்பாமல் நின்றார். டூர் என்ற ஒன்று இல்லாவிட்டால் அந்தப் பெரியவர் அந்தச் சந்துக்குள் வந்திருப்பாரா? வந்திருக்க மாட்டார். அவருக்காக ஒன்பது பேர் முகம் கோணுவதைப் பொறுத்துக்கொள்ளலாம் என்று கணக்குப் போடுகிறேன். கணக்குச் சரியாகத்தான் வருகிறது. ஆனால் பொறுத்துக்கொள்வது நான் இல்லை, அந்த அம்மா.

இன்னொன்றும் உண்டு. தெற்கே சாங்ஷா நகரத்தின் கறுப்பு நாற்றத் தோஃபு, அதாவது புளிக்கவைத்த சோயாக் கட்டி, இப்படி இல்லை. நாற்றம் மூக்கோடு சரி. சுடச்சுடப் பொரித்து, நடுவில் ஓட்டை போட்டு, பூண்டும் மிளகாயும் விட்ட குழம்பை ஊற்றித் தந்தால், முதல் கடியிலேயே பயந்தவர்கள் சிரித்துவிடுவார்கள். டூருக்கென்றே பிறந்த சாப்பாடு. தோவ்ஜி ஒரே கிண்ணத்தில் யாரையும் வசப்படுத்தாது. எனக்கே பிடிக்க ஒரு குளிர்காலம் முழுக்க ஆயிற்று. ஆனால் டூரில் ஒரு கிண்ணம்தான் கொடுக்க முடியும். அப்படியானால் இதை டூரில் வைப்பதே தவறா? தவறென்றால், பெய்ஜிங்காரர்களின் மிகச் சொந்தமான சாப்பாட்டை விட்டுவிட்டு, சுலபமாகப் பிடிப்பதை மட்டும் காட்டுவது நேர்மையா? இரண்டு பக்கமும் யோசித்து யோசித்து நடுவில் நிற்கிறேன்.

அவர் எதைச் சொன்னார் என்பதிலும் எனக்குக் குழப்பம் இருக்கிறது. எங்கள் அலுவலகத்தில் பெய்ஜிங்கிலேயே பிறந்து வளர்ந்த ஒரு பெண் இருக்கிறார். அவரிடம் சொன்னபோது, "முகம் கோணுவதற்கெல்லாம் அவர் கோபப்பட மாட்டார். சின்ன வயதில் என் பாட்டி கொடுக்கும்போது நானும் அப்படித்தான் அழுதேன். ஆறிப்போனதைக் குடித்துவிட்டு நன்றாக இல்லை என்றால் சமைத்தவருக்குக் கோபம் வராதா?" என்றார். இருக்கலாம். தொடக்கத்தில் நாங்கள் நுழைந்ததுமே "இன்றைக்கு எத்தனை பேர் குடிப்பார்கள்?" என்று அந்த அம்மாவே கண்ணைச் சிமிட்டிக் கேட்டதுண்டு. அவர் சொன்னதும் 'ஆற வைத்து' என்றுதான். 'கேலி செய்து' என்று இல்லை. சமையல்காரரின் புகார் மட்டும்தான் என்றால் என் மனம் இலேசாகிவிடும். ஆனால் கூட்டி வராதே என்றாரே? சூடாகக் குடிக்கச் சொல் என்று சொல்லியிருக்கலாமே?

அதற்கப்புறம் அந்தக் கடைக்கு ஆட்களைக் கூட்டிப் போகவில்லை. வேறொரு பெரிய கடைக்குப் போகிறோம். அங்கே தட்டை நாமே எடுத்துக்கொள்ள வேண்டும், யாரும் யாரையும் கவனிப்பதில்லை. சூடாக மூன்று வாய் குடித்த பிறகுதான் போன் எடுக்கலாம் என்று ஒரு விதியும் வைத்தேன். பாதிப்பேர் கேட்டார்கள். கேட்டவர்களில் சிலர் கிண்ணத்தைக் காலி செய்தார்கள், அது எனக்குச் சந்தோஷம். ஆனால் கைடு ரொம்பக் கண்டிப்பு என்று ஒருவர் எழுத, விதியைக் கொஞ்சம் தளர்த்து என்று அலுவலகம் சொல்லிவிட்டது. தளர்த்திவிட்டேன். கடை மாற்றியதை அந்த அம்மாவுக்குக் கொடுத்த மரியாதை என்று சொல்லிக்கொள்கிறேன். அதே மாதிரி ஆட்களை, அதே வரியைச் சொல்லி, தட்டிக் கேட்க ஆளில்லாத இடத்துக்குக் கூட்டிப் போகிறேன் என்றும் இதைச் சொல்லலாம்.

அடுத்த மாதம் ஓர் ஆசிரியர் குழு வருகிறது, பத்துப் பேர். அலுவலகம் அனுப்பிய பட்டியலில் பழைய கடையின் பெயரே இருக்கிறது. ஐந்து ஐந்து பேராக, காலைக் கூட்டம் கலைந்த பிறகு என்று திருத்தி அனுப்பியிருக்கிறேன். அதற்கு முன்னால் தனியாகப் போய் அந்த அம்மாவிடம் வரலாமா என்று கேட்க வேண்டும். வேண்டாம் என்று சொல்லிவிட்டால் அலுவலகத்துக்கு என்ன எழுதுவது என்பது வரை யோசித்தாயிற்று. வா என்று சொல்லிவிட்டால், மேசையில் கிண்ணங்கள் வந்ததும் அந்த வரிக்குப் பதிலாக என்ன சொல்வது என்பதுதான் இன்னும் அகப்படவில்லை.