டென்மார்க் கல்யாணம் சுலபம்தான், ஜெர்மன் காகிதம் சரியாக இருந்தால்

ஜெர்மனியில் வேலை பார்க்கும் நம்மவர்கள் வேறு நாட்டுக்காரரைக் கட்டிக்கொள்ள முடிவெடுத்தால் பெரும்பாலும் டென்மார்க்கில்தான் போய் நிற்கிறார்கள். காரணம் இங்கே இருப்பவர்களுக்குத் தெரியும். ஓர் ஆவணம் வெளிநாட்டில் செல்ல அதன் சொந்த நாட்டு அரசு வைக்கும் அத்தாட்சிக்கு அப்போஸ்டில் என்று பெயர். இந்திய அப்போஸ்டிலை ஜெர்மனி ஏற்பதில்லை. நம் பிறப்புச் சான்றிதழ் உண்மைதானா என்று தூதரகம் ஆள் வைத்து ஊரிலேயே விசாரிக்கும். அதற்கு மாதக்கணக்கில் ஆகும், செலவும் நம் தலையில்தான். அதன் பிறகு திருமணத் தகுதிச் சான்றுக்கு விலக்கு வேண்டி மாநில உயர் நீதிமன்றம் வரை கோப்பு போகும். என்னவர் பிரேசில்காரர், அவர் பங்குக்கு இன்னொரு கட்டுக் காகிதம். சாட்சிக்குக்கூட ஆள் கூட்டிப்போகத் தேவையில்லாத, டென்மார்க்கின் ஏரோ தீவே போதும் என்று முடிவு செய்தோம்.

டென்மார்க் தரப்பில் செய்ய வேண்டியது கொஞ்சம்தான். 2019-லிருந்து வெளிநாட்டு ஜோடிகள் அந்நாட்டுக் குடும்பச் சட்ட ஆணையத்துக்கு ஆன்லைனில் விண்ணப்பிக்க வேண்டும். கட்டணம் சுமார் 2,000 குரோனர், அதாவது 270 யூரோ பக்கம். நிராகரித்தால் அந்தப் பணம் திரும்ப வராது. காகிதங்கள் சரியாக இருந்தால் சில வேலை நாள்களில் கல்யாணம் செய்துகொள்ளலாம் என்ற சான்று கைக்கு வந்துவிடும், அதிலிருந்து 4 மாதத்துக்குள் கல்யாணத்தை முடிக்க வேண்டும். பாஸ்போர்ட்டை ஸ்கேன் செய்யும்போது அட்டையையும் வெற்றுப் பக்கங்களையும் சேர்த்துவிடுங்கள். இருவரும் சேர்ந்து எடுத்த படங்கள், வீட்டு வாடகை ஒப்பந்தம் இதெல்லாம் தயாராக இருக்கட்டும்.

எங்களை உட்கார வைத்தது மெல்டபெஷைனிகுங், அதாவது ஜெர்மன் பதிவு அலுவலகம் தரும் முகவரிப் பதிவுச் சான்று. சாதாரணமானது போதாது, திருமண நிலையும் அச்சாகியிருக்கும் விரிவான சான்று வேண்டும். வாங்கிப் பார்த்தால் என் பெயருக்கு நேரே 'திருமண நிலை: தெரியவில்லை' என்று இருந்தது. வருடக்கணக்காக வரி கட்டுகிறேன், மணமாகாதவர்களுக்கான வகுப்பில்தான் பிடிக்கிறார்கள். சம்பளத்தில் கைவைக்கும்போது தெரிகிற விஷயம் சான்றில் தெரியாமல் போய்விட்டது. இத்தனைக்கும் என்னவர் முதன்முதலில் முகவரி பதிந்தபோது வாயால் சொன்னதையே 'மணமாகாதவர்' என்று எழுதிக்கொண்டார்களாம். எனக்கு அந்தக் கேள்வியைக் கேட்கவே இல்லை.

பதிவு அலுவலகத்தில் இருந்த அம்மையார், "இந்தியாவிலிருந்து சான்றிதழ் கொண்டு வாருங்கள், அப்போஸ்டிலோடு" என்றார். இந்திய அப்போஸ்டிலை உங்கள் நாடுதான் ஏற்பதில்லையே என்றேன். அது வேறு துறை என்றார்.

சரி என்று அம்மாவிடம் சொன்னேன். தமிழ்நாட்டில் மணமாகாதவர் சான்றிதழை இ-சேவை மையத்திலேயே விண்ணப்பிக்கலாம், கட்டணம் 60 ரூபாய். வி.ஏ.ஓ., ஆர்.ஐ., தாசில்தார் என்று மேலே ஏறி வரும். வி.ஏ.ஓ. ஆபீசிலிருந்து பக்கத்து வீட்டில் விசாரித்திருக்கிறார்கள். அன்று இரவு அம்மா போனில், "யாருக்கும் தெரியாம கட்டிக்கிறேன்னு சொன்னியேடி, இப்ப தாசில்தார் வரைக்கும் தெரிஞ்சு போச்சே" என்று சிரித்தார்.

சான்றிதழ் வந்தது. இங்கே சத்தியப்பிரமாண மொழிபெயர்ப்பாளரிடம் பக்கத்துக்கு இவ்வளவு என்று கொடுத்து ஜெர்மனில் மாற்றி, மறுபடியும் நேரம் வாங்கி, அரை நாள் லீவு போட்டுக்கொண்டு போனேன். அந்த அம்மையார் தாளைத் திருப்பித் திருப்பிப் பார்த்தார். "முத்திரை எங்கே?" டிஜிட்டல் கையெழுத்து, கியூஆர் கோடு இருக்கிறது, போனில் சரிபார்க்கலாம் என்றேன். ஓரத்தில் இருந்த அந்தப் பச்சை டிக்கை விரலால் தேய்த்துப் பார்த்துவிட்டு, "இது பிரிண்ட் அவுட்" என்று மடித்துத் திருப்பிக் கொடுத்துவிட்டார். அன்று வீடு திரும்பும் வழியில் யாரிடமும் பேசப் பிடிக்கவில்லை.

கடைசியில் வேலைக்கு ஆனது இந்தியத் துணைத் தூதரகம். பாஸ்போர்ட் நகல், பிறப்புச் சான்றிதழ், அம்மா பத்திரத்தாளில் எழுதி நோட்டரியிடம் கையெழுத்து வாங்கி அனுப்பிய அஃபிடவிட் எல்லாம் வைத்து மணமாகாதவர் சான்று வாங்கினேன். நீல மசியில் உருண்டையாக ஒரு முத்திரை. இந்த முறை கவுண்டரில் ஓர் இளைஞர் இருந்தார். முத்திரையைப் பார்த்தார், இரண்டு தட்டு தட்டினார், புதுச் சான்று பிரிண்டரில் வந்துவிட்டது. அப்போஸ்டில் என்ற பேச்சையே எடுக்கவில்லை.

ஆகவே டென்மார்க்குக்குப் பணம் கட்டும் முன் உங்கள் விரிவான மெல்டபெஷைனிகுங்கை வாங்கி ஒவ்வொரு வரியாகப் படியுங்கள். பெயரையும் பாருங்கள். என் பாஸ்போர்ட்டில் சர்நேம் கட்டம் காலி, என் பெயரும் அப்பா பெயரும் ஒரே கட்டத்தில் இருக்கும். ஜெர்மன் பதிவில் அப்பா பெயரைப் பிரித்துக் குடும்பப் பெயராகப் போட்டிருந்தார்கள். இரண்டும் ஒரே ஆள்தானா என்று டென்மார்க்கிலிருந்து கேள்வி வந்தது. தமிழர்களுக்குக் குடும்பப் பெயர் கிடையாது, தந்தை பெயரைத்தான் சேர்த்துக்கொள்வோம் என்று அரைப் பக்கம் எழுதி, பிறப்புச் சான்றிதழை இணைத்து அனுப்பினேன். ஏற்றுக்கொண்டார்கள். அந்தக் கடிதத்தை முதலிலேயே இணைத்துவிட்டால் ஒரு வாரம் மிச்சம்.

பயணம்: ஹாம்பர்கிலிருந்து ரயிலில் ஓடென்ஸ, அங்கே மாறி ஸ்வெண்ட்போர்க், ஸ்டேஷனிலிருந்து நடந்தே படகுத்துறை, 75 நிமிடத்தில் ஏரோ தீவிலுள்ள ஏரோஸ்கோபிங். எல்லையில் பாஸ்போர்ட் பார்க்கிறார்கள், குடியிருப்பு அட்டையையும் அசலாக வைத்திருங்கள். கல்யாணத்துக்கு முந்தைய வேலை நாளில் இருவரும் நேரில் போய் அசல் காகிதங்களைக் காட்ட வேண்டும் என்பதைக் கணக்கில் வையுங்கள். திங்கட்கிழமை முகூர்த்தம் என்றால் வெள்ளிக்கிழமையே தீவில் இருக்க வேண்டும், இரண்டு இரவு தங்கும் செலவு கூடும். நாங்கள் வார நடுவில் வைத்தோம். அப்படியும் ஜெர்மன் பக்கத்து ரயில் தாமதமாகி, பிடிக்க வேண்டிய படகு போய்விட்டது. அடுத்ததைப் பிடித்து, அலுவலகம் மூடும் நேரத்தில் மூச்சு வாங்க உள்ளே போனோம். ஒன்றும் சொல்லாமல் தண்ணீர் கொடுத்துக் காகிதத்தைப் பார்த்தார்கள். எனக்கு அழுகை வந்துவிட்டது.

கல்யாணம் ஆங்கிலத்தில், கால் மணி நேரம். அப்பா பெயரை எப்படி உச்சரிப்பது என்று அதிகாரி முன்னாலேயே கேட்டுப் பழகிக்கொண்டார். மோதிரம் மாற்றியதும் மஞ்சள் கயிற்றை எடுத்தோம். நாத்தனார் போட வேண்டிய முடிச்சை யார் போடுவது? நகராட்சி கொடுத்த சாட்சிகளில் ஒரு பாட்டி கண்ணாடியை மாட்டிக்கொண்டு, மாலுமி முடிச்சுபோல இழுத்து இறுக்கிவிட்டார். இன்றுவரை அவிழவில்லை.

செலவைக் கேட்பவர்களுக்கு: கட்டணங்கள், ரயில், படகு, சமையலறையோடு கூடிய ஒரு சின்ன அறை எல்லாம் சேர்த்து 1,300 யூரோவுக்குள் அடங்கியது. ஏஜென்சி வைத்திருந்தால் இன்னும் சில நூறு கூடியிருக்கும். தீவுக்குள் பஸ் இலவசம். ஹோட்டல் சாப்பாட்டு விலை கையைக் கடிக்கும், பருப்புப் பொடியும் அரிசியும் எடுத்துப் போனது புண்ணியம். பட்டுப்புடவை கட்டுபவர்கள் தட்டையான செருப்பு போட்டுக்கொள்ளுங்கள். அந்த ஊர்த் தெருவெல்லாம் உருண்டைக் கல், காற்றும் சும்மா விடாது.

திரும்பி வந்து கல்யாணத்தைப் பதியப் போனால் அதே அம்மையார். டென்மார்க் சான்றிதழ் ஜெர்மன் உட்பட ஐந்து மொழிகளில் அச்சாகி வருகிறது, மொழிபெயர்ப்பு என்று சொல்ல வழியில்லை. "அப்போஸ்டில்?" என்றார். ஐரோப்பிய ஒன்றிய நாடுகளுக்குள் திருமணச் சான்றிதழுக்கு 2019 பிப்ரவரியிலிருந்து அப்போஸ்டில் கேட்கக் கூடாது. அந்த விதியை, 2016/1191 என்ற எண்ணோடு, ஜெர்மனிலேயே அச்செடுத்துப் போயிருந்தேன். மேசைமேல் வைத்தேன். உள்ளே போய் யாரிடமோ கேட்டுவிட்டு வந்து, ஒன்றும் பேசாமல் பதிந்து கொடுத்தார்.

இந்தியாவில் காட்டுவதற்கு அப்போஸ்டில் வேண்டும், அதை மட்டும் கையோடு வாங்கிவிடுங்கள். டென்மார்க் வெளியுறவு அமைச்சகம் அதை இப்போது மின்னணு வடிவில்தான் தருகிறது. வரும் பி.டி.எஃப். கோப்பை அப்படியே அனுப்ப வேண்டும், அச்செடுத்து ஸ்கேன் செய்தால் கையெழுத்து செல்லாது. பிரேசிலுக்கும் அதே கோப்பையே அனுப்பினோம்.