அது ஒரு பருப்பு வயல் பாட்டு, அத்தை

கீழ் வீட்டுக்காரர் மறுபடியும் ரேடியேட்டர் குழாயில் தட்டுகிறார். இஸ்தான்புல்லில் அடுத்த வீட்டுச் சத்தம் பிடிக்காவிட்டால் எல்லாரும் வாசலுக்கு வந்து சண்டை பிடிப்பதில்லை. கரண்டியை எடுத்துக் குழாயில் நாலு தட்டு, அவ்வளவுதான். மொட்டைமாடிப் புறாவுக்கும் சேர்த்துக் கேட்கும். மாமா வந்து பதினோரு நாளாகிறது, இன்னும் அதைக் கண்டனம் என்று ஒப்புக்கொள்ளவில்லை. "தாளம் போடுறாரும்மா. காலப்பிரமாணம்தான் நிக்க மாட்டேங்குது" என்கிறார்.

எல்லாம் ஞாயிற்றுக்கிழமை நான் போட்ட பாட்டால் வந்தது.

சமைக்கும்போது எனக்குத் துலாய் கெர்மன் பாடியாக வேண்டும். திரையில் பெயரைப் பார்த்த மாமா அவரை ஜெர்மனிக்காரி என்றே முடிவு கட்டிவிட்டார். இல்லை மாமா, இந்த ஊர்க்காரர், ஜாஸ் பாடிக்கொண்டிருந்தவர், 1964-இல் 'புர்ச்சாக் தர்லாஸி' என்ற நாட்டுப்பாட்டை மேலைச் சங்கீதக் கருவிகளோடு பாடி நாட்டையே திரும்பிப் பார்க்க வைத்தவர், அப்புறம் பாரிஸுக்குப் போய்விட்டார் என்று மூச்சுவிடாமல் சொன்னேன். "ஜெர்மனி பக்கத்துலதான் பாரிஸ்" என்று முடித்துக்கொண்டார்.

அத்தை வெங்காயம் உரித்துக்கொண்டே, "என்ன பாடுது இந்தப் பொண்ணு? குரல்ல ஒரு கோவம் இருக்கே" என்றார்.

இங்கேதான் எனக்கு வேர்த்தது. அந்தப் பாட்டில் புதுமருமகள் ஒருத்தி விடிகாலையில் வயலுக்குப் போய் புர்ச்சாக் பிடுங்குகிறாள். மாட்டுக்குப் போடும் பயறு வகை அது. கையில் முள் குத்துகிறது. உடனே விதைத்தவனைத் திட்டுகிறாள். அதோடு விட்டாளா? மாமியாரே, உன் ஆயுசு முடிந்து போகட்டும் என்று சாபம் விடுகிறாள். இதை மன்னார்குடியிலிருந்து இரண்டு விமானம் மாறி, பதினாறு கிலோ மசாலாவோடு வந்திறங்கிய மாமியாரிடம் எப்படிச் சொல்வது?

"அது ஒரு பருப்பு வயல் பாட்டு, அத்தை."

பேச்சை மாற்ற ரூஹி சூவைப் போட்டேன். அங்காராவில் ஓபரா பாடிய ஆழமான குரல், சாஸ் என்ற தந்தி வாத்தியத்தை மீட்டிக்கொண்டு கிராமத்துப் பாட்டுப் பாடும். நான் உருகுவேன். அத்தை, "ஐயனார் கோயில்ல சாமி வந்து வாக்குச் சொல்ற மாதிரி இருக்கு" என்று விபூதியைத் தேடப் போனார்.

அடுத்து ஓர் ஒன்பது எண்ணிக்கைப் பாட்டு. அக்சாக் என்பார்கள், நொண்டி என்று அர்த்தம். ரெண்டு, ரெண்டு, ரெண்டு, மூணு. தவில்காரர் தெருவில் வளர்ந்தவரிடம் போய் இதைச் சொல்லலாமா? "நொண்டியாவது! தக தக தக தகிட, சுத்தமா உக்காருது" என்று மாமா சோபாக் கைப்பிடியை வெளுத்தார். பியானோ ஒரு பக்கம் சுதந்திரமாகத் திரிகிறது, இவர் விடாமல் பிடித்து இழுத்து வருகிறார். முதல் குழாய்த் தட்டு அப்போதுதான் விழுந்தது.

கூடவே மேல்வீட்டுத் தெய்ஸே. வயசில் பெரிய பெண்களை இங்கே அப்படித்தான் கூப்பிடுவது. சண்டைக்கு இல்லை, நம் தட்டைத் திருப்பித் தர. வியாழக்கிழமை அத்தை கொடுத்தனுப்பிய உளுந்து வடைத் தட்டில் இப்போது பொரெக், மெல்லிய மாவு ஏடுகளில் பூரணம் வைத்துச் சுட்ட பலகாரம். காலித் தட்டாகத் திருப்பிக் கொடுக்கும் வழக்கம் இங்கேயும் கிடையாது. உள்ளே வந்தவர் பாட்டுப் பட்டியலைப் பார்த்தார், புர்ச்சாக்கைத் தட்டினார், சேர்ந்து பாடவும் ஆரம்பித்தார். அத்தை கையை விரித்து, என்னவென்று கேட்டார். நான் குறுக்கே பாய்வதற்குள் தெய்ஸே சமையலறை நடுவில் குனிந்தார், செடி பிடுங்கினார், இடுப்பைப் பிடித்துக்கொண்டார், விரலை உதறினார். அப்புறம் முக்காட்டை இழுத்துவிட்டுக் கிழவியாகி, விரலை ஆட்டி அதட்டினார். கடைசியில் மருமகளாகத் திரும்பி, கிழவியைப் பார்த்துக் கழுத்தில் ஒரு கோடு இழுத்தார். சத்தமில்லாப் படம், முழு நீளம்.

நான் அடுப்பைப் பார்த்துக்கொண்டு நின்றேன்.

அத்தை எழுந்து, ஊரிலிருந்து கொண்டுவந்த கறுப்பு உளுந்தைக் கைநிறைய எடுத்து வந்து தெய்ஸேயின் முன்னால் நீட்டினார். "பனி காயறதுக்குள்ள பிடுங்கணும். வெயில் ஏறுனா நெத்து வெடிச்சிரும். பெரியவன் வயித்துல ஆறு மாசம், கிழவி விடலையே" என்று தமிழிலேயே சொன்னார். நான் மொழிபெயர்க்க வாய் திறந்தேன். தெய்ஸே என்னைக் கவனிக்கக்கூட இல்லை. அத்தையின் உள்ளங்கையைப் பிடித்துத் திருப்பிப் பார்த்துக்கொண்டிருந்தார்.

"அந்தச் சாபம் விடுற இடம் வருதே, அத மட்டும் இன்னொரு தடவ போடு" என்றார் அத்தை.

ஏழு தடவை போட்டேன். குழாயும் ஏழு தடவை.

விஷயம் அதோடு முடிந்திருக்கலாம். நேற்று அத்தை தன் மகனைப் பிடித்து அதையே ரிங்டோனாக வைக்கச் சொல்லிவிட்டார். ஊரிலிருந்து நாத்தனார் ஒரு நாளைக்கு ஒன்பது தடவை கூப்பிடுகிறார். ஒவ்வொரு தடவையும் மாமியார் ஆயுசு முடிகிறது, அத்தை சிரித்தபடி போனை எடுக்காமல் முழுசாகக் கேட்கிறார், கீழே கரண்டி விழுகிறது. இப்போது மாமா நம் வீட்டுக் கரண்டி எங்கே இருக்கிறது என்று கேட்கிறார். கீழ் வீட்டுக்காரருக்கு அந்த மூணாவது தட்டைச் சரிசெய்து காட்ட வேண்டுமாம்.