டாக்சானமி தாளுக்கு ஒரு குட்டிப் பேரினம்

எம்.எஸ்சி. தாவரவியலில் டாக்சானமி (வகைப்பாட்டியல்) தாளைக் கண்டு மிரளும் தம்பி தங்கைகளுக்கு ஒரு யோசனை. எடுத்த எடுப்பில் பெந்தம்-ஹூக்கர் வகைப்பாட்டு அட்டவணையை நெட்டுரு போட உட்காராதீர்கள். சின்னப் பேரினம் ஒன்றைப் பிடித்து, அதை அடி முதல் நுனி வரை படியுங்கள். நான் பிடித்தது வில்கீசியா. ஹவாயில் காவாய் தீவில் மட்டும் வளர்வது. இருப்பதே இரண்டு சிற்றினம்.

அது ஆஸ்டரேசி, அதாவது சூரியகாந்திக் குடும்பம். அதனால் முதலில் இந்தக் குடும்பத்தின் தலைமஞ்சரி (பல சிறுமலர்கள் சேர்ந்து ஒரே பூப்போலத் தெரியும் கொத்து) கைக்குப் பழக வேண்டும். கொருக்குப்பேட்டை தண்டவாள ஓரம், தண்டையார்பேட்டை காலி மனை என்று எங்கு பார்த்தாலும் வெட்டுக்காயப் பூண்டு மண்டிக் கிடக்கும். பூக்கடைச் சாமந்தி மட்டும் வேண்டாம். மாலைக்காக வளர்த்த ரகம் அது. இதழ் இதழாகக் கதிர்ச் சிறுமலரே அடைத்துக்கொண்டிருக்கும், வட்டத்தட்டுச் சிறுமலரைத் தேடிப் பிடிக்க வேண்டும். பூண்டின் தலை ஒன்றைப் பிளேடால் நெடுக்காக நறுக்கி லென்ஸில் பாருங்கள். ஓரத்தில் நுனி மூன்றாகப் பிளந்த கதிர்ச் சிறுமலர்கள், நடுவில் மஞ்சள் குழல்கள். குழலுக்கு அடியில் சூற்பை, அதன் தலையில் பாப்பஸ் எனும் இறகு மாதிரி மயிர்க்கொத்து. சிறுமலர்களுக்கு நடுவே மெல்லிய செதில்களும் இருக்கும். அந்தச் செதிலைக் குறித்துக்கொள்ளுங்கள்.

ஏனென்றால் வில்கீசியாவில் கதிர்ச் சிறுமலரே கிடையாது. ஓரச் செதில்கள் ஒன்றோடொன்று ஒட்டி, தலையைச் சுற்றி வேலி போல நிற்கும். பார்ப்பவர்கள் அதைப் பூவடிச்செதில் வட்டம் (தலைக்கு வெளியே சூழ்ந்திருக்கும் செதில் வளையம்) என்றே நினைப்பார்கள். வைவாவில் கேட்க இதைவிட நல்ல கேள்வி இல்லை!

சரி, இப்போது வில்கீசியாவையும் அதன் இரண்டு ஹவாய் உறவுப் பேரினங்களையும் பிரித்தறிய நீங்களே ஒரு கீ (அடையாளத் திறவுகோல்) எழுதுங்கள். கதிர்ச் சிறுமலர் இருந்தால் ஆர்கிராக்சிஃபியம், அதாவது வெள்ளி வாள் செடி. இல்லாமல், இலைகள் வட்டமாக அமைந்து அடியில் உறையாக இணைந்திருந்தால் வில்கீசியா. மிச்சமெல்லாம் டுபாட்டியா. அந்த மிச்சத்தில் புதர், மரம், தரையோடு படர்வது, கொடி என எல்லாம் உண்டு. உருவத்தை மட்டும் நம்பினால் மூன்றையும் ஒரே வம்சம் என்று யாரும் சொல்லமாட்டார்கள். கலிஃபோர்னியாவின் டார்வீட் செடிகளோடு இவற்றுக்கு உறவு என்பதை ஷெர்வின் கார்ல்குவிஸ்ட் உள்ளமைப்பை வைத்து 1950களிலேயே சொன்னார். புரூஸ் பால்ட்வினும் கூட்டாளிகளும் 1991இல் பசுங்கணிக டி.என்.ஏ. கொண்டு அதை உறுதிசெய்தார்கள். தகவமைப்புப் பரவலுக்கு (ஒரே மூதாதையிலிருந்து பல உருவங்கள் பிரிவதற்கு) டார்வினின் குருவிக் கதையையே எல்லோரும் எழுதுவார்கள், நீங்கள் இதை எழுதலாம். சி.எஸ்.ஐ.ஆர். நெட் பகுதி சி-க்கும் இந்த வகை யோசனை உதவும்.

அப்புறம் அட்டவணைக்கு வாருங்கள். கேமோபெட்டலே (இணைந்த அல்லி), இன்ஃபெரே (கீழ்மட்டச் சூற்பை), ஆஸ்டரேல்ஸ் என்ற வரிசை இப்போது தானாக நிற்கும், கீழ்மட்டச் சூற்பையைக் கண்ணால் பார்த்துவிட்டீர்களே. டி.என்.ஏ. சார்ந்த புதிய வகைப்பாடான ஏ.பி.ஜி. 4 (2016) ஆஸ்டரேல்ஸில் கம்பானுலேசி குடும்பமும் சேர்ந்திருப்பதை மட்டும் பக்கத்தில் எழுதிவையுங்கள்.

பெயர் எழுதும்போது கவனம். வில்கீசியா ஜிம்னாக்சிஃபியத்தை 1852இல் விவரித்தவர் ஏசா கிரே. குட்டையாக, அடியிலிருந்தே கிளைக்கும் வில்கீசியா ஹாப்டியை 1971இல் விவரித்தவர் ஹெரால்ட் செயின்ட் ஜான். பேரினத்துக்கும் சிற்றினத்துக்கும் தனித்தனியாக அடிக்கோடு போடுங்கள், ஆசிரியர் பெயருக்கு வேண்டாம்.