காய்கறிக் கடைக்காரர் மகன்

நேற்று ராத்திரி வளவில் உட்கார்ந்து அப்பச்சியோடு கைப்பேசியில் கால்பந்துக் காணொளி பார்த்துக்கொண்டிருந்தேன். இங்கிலாந்தின் பழைய கால்பந்து வீரர் கேரி லினேக்கர் வந்தார். "86 உலகக்கோப்பையில ஆறு கோல் போட்டவனாச்சே, இவன் எப்ப கோட்டு மாட்டிக்கிட்டுப் பேச வந்தான்?" என்று அப்பச்சிக்கு ஆச்சரியம். காரைக்குடியிலிருந்து அவர் கால்பந்தைக் கவனித்ததெல்லாம் அந்தக் காலத்தோடு சரி.

இங்கிலாந்துக்காக 80 ஆட்டம், 48 கோல். விளையாடிய காலம் முழுக்க ஒரு மஞ்சள் அட்டைகூட வாங்காத மனுஷன். அப்புறம் 1999 முதல் 2025 வரை பிபிசியில் 'மேட்ச் ஆஃப் த டே' என்ற கால்பந்து நிகழ்ச்சியின் தொகுப்பாளர். விளையாடியதைவிட அதிக வருஷம்! ஆடியவர்கள் எல்லோருக்கும் பேச வராது, இவருக்கு வந்தது. பந்தைத் துரத்தாமல், அது வரும் இடத்தில் போய் நிற்கும் அதே புத்திதான் பேச்சிலும் என்பேன்.

தன் சொந்த ஊர் அணியான லெஸ்டர் இங்கிலாந்து லீக் பட்டம் வென்றால் உள்ளாடையோடு நிகழ்ச்சி நடத்துவேன் என்று வாய்விட்டார். 2016ல் லெஸ்டர் வென்றேவிட்டது. சொன்னபடியே வெறும் டிரவுசரோடு வந்து நின்றார். அப்பச்சி சிரித்துச் சிரித்து வெற்றிலையைத் துப்பிவிட்டார்.

லெஸ்டர் சந்தையில் அவர்கள் குடும்பத்துக்குக் காய்கறி, பழக்கடை இருந்ததைச் சொன்னேன். சிரிப்பு நின்றது.

"சரி, கடைய இப்ப யாரு பாத்துக்கிறா?"