பட்டினத்தார் சொன்ன பதில், கண்ணதாசன் கேட்ட கேள்வி

2016-இல் பாப் டிலனுக்கு இலக்கிய நோபல் கிடைத்தபோது, பாட்டெழுதுகிறவருக்கா என்று முகம் சுளித்தவர்கள் நிறைய. நம் பக்கம் அந்தச் சங்கடமே வரவில்லை. கண்ணதாசனுக்கு 1980-இல் சாகித்திய அகாதெமி விருது கொடுத்தது 'சேரமான் காதலி' நாவலுக்கு, வைரமுத்துவுக்கு 2003-இல் கொடுத்ததும் 'கள்ளிக்காட்டு இதிகாசம்' நாவலுக்குத்தான். ஊரே முணுமுணுக்கிற பாட்டுகளை விட்டுவிட்டு உரைநடைக்கு மாலை போட்டது எனக்கு இன்னும் வேடிக்கையாகத்தான் இருக்கிறது.

சரி, பாட்டில் இலக்கியம் எங்கே என்று கேட்பவர்களிடம் நான் ஓர் இடத்தைக் காட்டுவேன். பட்டினத்தார் ஒரு பாடலில் அடுக்கிக்கொண்டே போகிறார்: பொருளும் வாழ்வும் வீட்டோடு சரி, கண்ணீர் விடும் பெண்கள் வீதி மட்டும், விம்மி அழும் பிள்ளைகள் சுடுகாடு மட்டும், அதற்கப்புறமும் தொடர்ந்து வருவது புண்ணியமும் பாவமுமே. 1962-இல் 'பாத காணிக்கை' படத்துக்கு எழுதும்போது கண்ணதாசன் வீடு, வீதி, காடு என்ற வரிசையை அப்படியே எடுத்துக்கொண்டார், ஆனால் விம்மல், கண்ணீர் எல்லாவற்றையும் உதறிவிட்டார், ஏனென்றால் அழுகையைக் குரலும் இசையும் பார்த்துக்கொள்ளும், வார்த்தையும் சேர்ந்து அழ வேண்டியதில்லை. அதைவிடப் பெரிய வேலை கடைசிப் படியில் நடக்கிறது. பட்டினத்தார் வைத்திருந்த பதிலையே தூக்கிவிட்டு 'கடைசி வரை யாரோ' என்று முடிக்கிறார். 'யாரோ' என்பதில் இரண்டும் நெடில், டி.எம்.எஸ். இழுத்துப் பாட இடம் கிடைக்கிறது, கேட்பவருக்கும் தன் பயத்தை அதில் கொண்டுபோய் வைக்க இடம் கிடைக்கிறது. இதைக் காப்பி என்பவர்களோடு எனக்குப் பேச்சில்லை.

புத்தகத்தில் புரியாத வரிக்குத் திரும்பிப் போகலாம், பாட்டு நிற்காமல் ஓடிவிடும், அதனால் எளிமையாகத்தான் எழுத வேண்டும் என்பார்கள். பெரும்பாலும் சரிதான். ஆனால் 'இருவர்' படத்தில் வரும் 'நறுமுகையே' இந்தக் கணக்கில் அடங்காது. குறுந்தொகையின் 'யாயும் ஞாயும்' அதில் வருகிறது, 'அற்றைத் திங்கள்' புறநானூற்றிலிருந்து வருகிறது, பொருள் தெரியாமலே எத்தனையோ பேர் அதைப் பாடிக்கொண்டு திரிகிறார்கள். சந்தம் சரியாக உட்கார்ந்துவிட்டால் பொருள் பின்னாலேயே நிதானமாக வரும்போல. நானும் பாட்டைக் கேட்டபிறகுதான் குறுந்தொகை 40-ஐத் தேடிப் படித்தேன். அதை எழுதியவரின் இயற்பெயர் யாருக்கும் தெரியாது, அவர் பாடிய உவமையை வைத்தே செம்புலப்பெயனீரார் என்கிறார்கள். பாட்டு தெரியும், எழுதியவர் பெயர் தெரியாது என்பது சினிமாவில்தான் என்று அதுவரை நினைத்துக்கொண்டிருந்தேன்.