பதினோராவது தடவை நின்ற நுரை

நேற்று ராத்திரி ஒருவழியாக, எஸ்பிரெசோ காபியும் மெக்சிகோ மதுவான டெக்கீலாவும் கலந்த என் காக்டெயிலின் மேல் நுரை கலையாமல் நின்றுவிட்டது. ஒரு விரற்கடை உயரம், வெளிர் பழுப்பு நிறம், ஊசி முனை அளவுகூட ஓட்டை இல்லை. மேலே மூன்று காபிக் கொட்டைகளை வைத்துவிட்டு, குடிக்காமல் பத்து நிமிடம் பார்த்துக்கொண்டே உட்கார்ந்திருந்தேன். வைத்த இடத்தைவிட்டு அவை அசையவில்லை. இதற்கு முந்தைய பத்துத் தடவையில் ஒன்றுகூட நான்கு நிமிடத்தைத் தாண்டியதில்லை. நடுவில் ஓட்டை விழும், அது விரியும், கொட்டைகள் வெறும் காபியில் மிதந்து கிளாஸ் ஓரத்துக்கு ஒதுங்கிவிடும். "இவ்வளவு பாடுபடுறதுக்குக் காபியைத் தனியா, டெக்கீலாவைத் தனியா குடிச்சிட்டுப் போயிருக்கலாமே" என்று வீட்டில் கேட்டார்கள். நியாயமான கேள்விதான். ஆனால் ஏழாவது தடவைக்கு மேல் இது குடிப்பதற்காகச் செய்வதாக இல்லை.

அளவை முதலில் சொல்லிவிடுகிறேன். அன்யேஹோ (பீப்பாயில் நாள்பட ஊறிய) டெக்கீலா 50 மில்லி, எஸ்பிரெசோ 30 கிராம் (15 கிராம் பொடியிலிருந்து), காபி லிக்கர் (காபி சுவையுள்ள இனிப்பு மது) 15 மில்லி, சம அளவு தண்ணீர் கலந்த அகாவே சிரப் (டெக்கீலா காய்ச்சும் செடி இனத்தின் இனிப்புப் பாகு) 7 மில்லி, உப்புத் தண்ணீர் மூன்று சொட்டு. 1980களில் லண்டனில் பார்டெண்டர் டிக் பிராட்செல் வோட்காவில் செய்த எஸ்பிரெசோ மார்ட்டினியின் எலும்புக்கூடுதான் இது. வோட்காவை எடுத்துவிட்டு டெக்கீலாவைப் போடுவது புதிதல்ல, பலரும் செய்கிறார்கள். பெரும்பாலும் பீப்பாயில் ஊறாத பிளாங்கோவோ, கொஞ்ச காலம் ஊறிய ரெபொசாடோவோ போடுவார்கள். நான் அன்யேஹோவைப் பிடித்துக்கொண்டதற்குக் காரணம் பீப்பாய். ரெபொசாடோ ஓக் மரத்தில் இரண்டு மாதம் இருந்தாலே போதும்; அன்யேஹோ குறைந்தது ஒரு வருடம், அதுவும் 600 லிட்டருக்கு மேற்படாத பீப்பாயில் கிடக்க வேண்டும். பல ஆலைகளில் அது ஏற்கெனவே பர்பன் என்ற அமெரிக்க விஸ்கி இருந்த பீப்பாய். அதனால் வனிலா, கேரமல், லேசான புகை என்று காபியோடு ஒட்டக்கூடிய வாசனைகள் தானாகவே அதில் ஏறியிருக்கும்.

வோட்கா வாயைத் திறக்காமல் ஓரமாக உட்கார்ந்திருக்கும். டெக்கீலா அப்படி இருக்காது. முதல் இரண்டு தடவை எண்ணெய் மினுங்கும் கருவறுப்புக் கொட்டையைப் போட்டேன். கரி மட்டும்தான் நாக்கில் நின்றது. ஒரு வருடம் பீப்பாயில் கிடந்ததெல்லாம் எங்கே போனதென்று தெரியவில்லை. நடுவறுப்புக்கு மாறியதும்தான் வனிலா எட்டிப் பார்த்தது, அதற்குப் பின்னால் வேகவைத்த அகாவேயின் இனிப்பும் வந்தது. நுரையும் கொஞ்சம் கூடியது. கொட்டையின் மேல் மினுங்குகிற அந்த எண்ணெய் நுரைக்கு ஆகாது.

முதலில் வாங்கிய பாட்டில் வேறு ஏமாற்றிவிட்டது. மூடியைத் திறந்ததும் கேக் கடைக்குள் நுழைந்தது போல வனிலா எசன்ஸ் வாடை. பீப்பாயில் ஊற வைத்த டெக்கீலாக்களில் கேரமல் நிறம், ஓக் சாறு, கிளிசரின், சர்க்கரைப் பாகு ஆகியவற்றை எடையில் ஒரு சதவீதம் வரை, லேபிளில் சொல்லாமலே சேர்க்க விதி இடம் கொடுக்கிறது. 100% அகாவே என்று போட்டிருந்தால் அகாவே அல்லாத சர்க்கரையைப் புளிக்க வைக்கவில்லை என்று பொருள், அவ்வளவுதான். இந்த ஒரு சதவீதத்துக்கு அது பதில் சொல்லாது. இப்போதெல்லாம் பாட்டிலின் பின்பக்கம் உள்ள நோம் எண்ணைப் பார்த்து, எந்த ஆலையில் காய்ச்சியது என்று தேடிவிட்டுத்தான் வாங்குகிறேன். ஒரே எண்ணில் பத்துப் பெயர்கள் வருவதைப் பார்க்கும்போது சிரிப்பாகத்தான் இருக்கிறது.

சரி, நுரைக்கு வருவோம். மூன்றாவது தடவையிலிருந்து என் போராட்டம் ஒரே கேள்வியைச் சுற்றித்தான்: எஸ்பிரெசோ ஷாட்டைச் சூடாக ஊற்றுவதா, ஆற வைத்து ஊற்றுவதா?

சூடாக ஊற்றினால் நுரை நன்றாக வரும், ஆனால் பானம் தண்ணீராகிவிடும். ஒருநாள் தராசை எடுத்துவைத்து அளந்தேன். உள்ளே போட்டது மொத்தம் 102 கிராம். குலுக்கி வடித்தபின் கிளாஸில் இருந்தது 152 கிராம். கிளாஸில் கிட்டத்தட்ட மூன்றில் ஒரு பங்கு ஐஸ் தண்ணீர்! பிறகு காகிதத்தில் கணக்குப் போட்டுப் பார்த்தேன். ஒரு கிராம் ஐஸ் உருக 334 ஜூல் வேண்டும். 70 டிகிரியில் இருக்கும் 30 கிராம் காபியைப் பூஜ்யத்துக்குக் கொண்டுவரவே ஏறக்குறைய 26 கிராம் ஐஸ் கரைந்தாக வேண்டும். அதே காபி 25 டிகிரிக்கு ஆறியிருந்தால் 9 கிராமில் வேலை முடிந்துவிடும். ஆக, ஒவ்வொரு கிளாஸிலும் 17 கிராம் தண்ணீரைச் சும்மா ஊற்றிக்கொண்டிருந்திருக்கிறேன்.

அப்போ ஆற வைத்துவிடலாமே என்றால், அங்கேதான் வம்பு. நான்காவது, ஐந்தாவது தடவைகளில் ஷாட்டைச் சின்னக் கிண்ணத்தில் பிடித்து இருபது நிமிடம் குளிர்சாதனப் பெட்டியில் வைத்தேன். ஷாட்டின் மேல் படரும் பழுப்பு நுரையான கிரீமா மொத்தமும் அடங்கி, ஓரத்தில் பழுப்புக் கோடு மட்டும் மிச்சம். கலவை கெட்டியாக, டெக்கீலா தெளிவாக, சுவையைப் பொறுத்தவரை எல்லாம் சரி. நுரைதான் பாத்திரம் கழுவின தண்ணீர் மாதிரி பெரிய பெரிய குமிழியாக வந்து, ஒரு நிமிடத்தில் காணாமல் போனது. கொட்டைக்குள்ளிருந்து வந்த கார்பன் டை ஆக்சைடு அந்த இருபது நிமிடத்தில் பறந்துவிடுகிறது. எவ்வளவு குலுக்கினாலும் அது திரும்பி வராது. ஆறின எஸ்பிரெசோவில் ஒரு புளித்த கசப்பும் ஏறிவிடுகிறது, அதைச் சிரப் போட்டும் மறைக்க முடியவில்லை.

ஆறாவது தடவை மறுபடி சூட்டுக்கே போனேன். இந்தத் தடவை மூன்று துண்டு ஷேக்கர். அவசரத்தில் ஐஸைப் போட மறந்துவிட்டு, சூடான காபியோடு மூடி, இரண்டு குலுக்கு குலுக்கியிருப்பேன். உள்ளே காற்று விரிந்து, மேல் மூடி 'டப்' என்று எகிறியது. கூரையில் ஒரு கோடு, சட்டையில் ஒரு கோடு, அடுப்பு மேடை முழுக்க 50 மில்லி அன்யேஹோ. துடைக்கும்போது வந்த வாசனை மட்டும் அருமையாக இருந்ததை ஒத்துக்கொள்ளத்தான் வேண்டும். ஐஸ் போட்டுக் குலுக்கினால் இதற்கு நேர்மாறு: உள்ளே குளிர்ந்து சுருங்கி, மூடி கவ்விக்கொண்டு திறக்க வராது. அன்றோடு அந்த ஷேக்கரை மேல் தட்டில் தூக்கி வைத்துவிட்டு, இரண்டு எவர்சில்வர் டம்ளர்கள் ஒன்றுக்குள் ஒன்று பொருந்துகிற பாஸ்டன் வகைக்கு மாறினேன். பக்கவாட்டில் உள்ளங்கையால் ஒரு தட்டு தட்டினால் விட்டுவிடும்.

ஏழு, எட்டு, ஒன்பதில் ஐஸை மாற்றினேன், குலுக்கும் நேரத்தை மாற்றினேன், ஐஸ் இல்லாமல் நுரையடிக்கும் கருவியால் அடித்தேன். அவற்றை விவரிக்க ஒன்றும் இல்லை. பெரிய கட்டி, ஃப்ரீசரிலிருந்து எடுத்த உடனே, ஈரம் பூக்கும் முன் போட வேண்டும், 15 எண்ணும்வரை தோள்பட்டை வலிக்கக் குலுக்க வேண்டும் என்பதுதான் அதில் கற்றது. இடையில் ஒரு தடவை டெக்கீலாவை 60 மில்லியாக்கினேன். நுரை உடனே இளைத்தது. சிரப்பை விட்டுப் பார்த்தபோதும் அப்படித்தான். சர்க்கரையின் அந்தக் கெட்டித்தன்மைதான் குமிழிச் சுவரிலிருந்து நீர் வடிவதைத் தாமதப்படுத்துகிறது.

விடை ஃப்ரீசர் கதவைத் திறந்துவைத்துக்கொண்டு ஐஸ் எடுக்கும்போது வந்தது. காபியைக் குளிரவைக்கத்தான் கூடாது. டெக்கீலாவைக் குளிரவைத்தால் யார் கேட்கப்போகிறார்கள்? 40 சதவீத ஆல்கஹால் வீட்டு ஃப்ரீசரின் மைனஸ் 18 டிகிரியில் உறையாது, சற்றே பாகு போலாகும், அவ்வளவுதான். மறுபடி காகிதம். மைனஸ் 18 டிகிரியில் 50 மில்லி டெக்கீலா, அதன்மேல் 70 டிகிரியில் 30 கிராம் காபி. கலந்தால் சுமார் 19 டிகிரி வருகிறது! அதாவது ஒரு துளி ஐஸ் உருகாமல், ஒரு நொடி காத்திராமல், ஷாட் ஆறிவிடுகிறது. கிரீமாவும் கலையாமல் அப்படியே இருக்கிறது.

பத்தாவது தடவையிலேயே இது வேலை செய்திருக்கும். மெஷினிலிருந்து ஷாட்டைத் தனிக் கிண்ணத்தில் பிடித்து, பிறகு டம்ளருக்கு மாற்றினேன். பாதி கிரீமா கிண்ணத்தின் சுவரிலேயே ஒட்டிக்கொண்டது. நேற்று ஃப்ரீசரில் குளிர்ந்த டெக்கீலா இருந்த டம்ளரையே மெஷினின் வாய்க்குக் கீழே வைத்துவிட்டேன். அந்தக் காட்சியைப் பார்க்க வேண்டும். டம்ளரின் வெளிப்புறம் வெள்ளையாகப் பனி பூத்திருக்கிறது. முதல் கரும் துளிகள் உள்ளே விழுந்ததும் எண்ணெய் போலச் சுருண்டு அடியில் இறங்குகின்றன, ஆவியே இல்லை. பத்து நொடியில் கிரீமா வந்து மேலே மஞ்சள் படலமாகப் படர்கிறது. வெளிப்பனி மேலிருந்து கீழாக மெல்லக் கரைந்து வழிகிறது. அதே டம்ளரில் லிக்கர், சிரப், உப்பு, ஐஸ் போட்டு மூடிக் குலுக்கினேன். வடித்து நிறுத்தால் 131 கிராம். முன்பு அளந்ததைவிட 21 கிராம் தண்ணீர் குறைவு, நுரை விரற்கடை.

அன்யேஹோவை ஃப்ரீசரில் வைத்தேன் என்று சொன்னதும் இரண்டு நண்பர்கள் திட்டினார்கள். பீப்பாய் வாசனையெல்லாம் அமுங்கிவிடுமாம். தனியாக உறிஞ்சிக் குடிப்பதாக இருந்தால் அவர்கள் சொல்வது சரி, நானே அப்படி வைக்க மாட்டேன். ஆனால் ஐஸோடு குலுக்கினால் எப்படியும் பூஜ்யத்துக்குக் கீழேதானே போகப்போகிறது? முன்கூட்டியே குளிர்ந்தால் என்ன, பின்னால் குளிர்ந்தால் என்ன? பாட்டிலை வைப்பதில்லை, தேவையான 50 மில்லியை மட்டும் டம்ளரில் ஊற்றி, மேலே தட்டு மூடி வைக்கிறேன். மூடாவிட்டால் ஃப்ரீசர் வாடை ஏறிவிடும்.

சிரப்பைப் பற்றி ஒரு விஷயம். அகாவே சிரப்பைத் 'டெக்கீலாவுக்குப் பொருத்தம்' என்ற அலங்காரத்துக்காகத்தான் போட்டேன். ஆனால் அதில் பெரும்பங்கு ஃப்ரக்டோஸ், ஃப்ரக்டோஸ் குளிர்ச்சியில் இன்னும் தூக்கலாக இனிக்கும். வெதுவெதுப்பாகச் சுவைத்து அளவு போட்டுவிட்டுக் குளிர்ந்தபின் குடித்தால் திகட்டுகிறது. முதலில் 15 மில்லி ஊற்றிக்கொண்டிருந்தேன், இப்போது 7. லிக்கரிலேயே சர்க்கரை நிறைய இருக்கிறது.

வடிப்பதற்கு டீ வடிகட்டிதான். ஐஸ் சில்லுகள் மேலே விழுந்தால் அந்தந்த இடத்தில் நுரை குழிந்துபோகும். முதலில் வேகமாக ஊற்றி, கடைசியில் டம்ளரில் ஒட்டியிருக்கும் கெட்டி நுரையை வடிகட்டியில் ஸ்பூனால் ஒரு சுற்று சுற்றினால் கிரீம் போல இறங்குகிறது.

கொட்டை வாங்குகிறவர்கள் பையில் 'இந்தத் தேதிக்குள் பயன்படுத்தவும்' என்பதைப் பார்க்க வேண்டாம், வறுத்த தேதி இருக்கிறதா என்று பாருங்கள். தேதி போடாதவர்களிடம் வாங்குவதை நிறுத்திவிட்டேன். வறுத்து ஒரு வாரத்திலிருந்து மூன்று வாரம் வரை எனக்குச் சரியாக வருகிறது. நேற்றுப் போட்டது பன்னிரண்டு நாள் ஆன கொட்டை.

அடுத்து மெக்சிகோவின் சியாபாஸ் கொட்டை கால் கிலோ சொல்லிவைத்திருக்கிறேன், அகாவேயும் காபியும் ஒரே நாட்டிலிருந்து வந்தால் எப்படி இருக்கிறதென்று பார்க்க. கடைச் சரக்கான காபி லிக்கரையும் விட்டுவிட்டு, பிளாங்கோவில் கொட்டைகளை ஊறப்போட்டு நானே செய்யலாமென்று ஒரு ஜாடியைக் கழுவிக் காயவைத்தாயிற்று. லிகோர் 43 என்ற ஸ்பெயின் நாட்டு இனிப்பு மது கிடைத்தால், அதையும் காபியையும் கலந்து மெக்சிகோவில் பிரபலமாகக் குடிக்கும் கராஹியோவையும் அன்யேஹோ சேர்த்துச் செய்து பார்க்க வேண்டும்.

ஆனால் அதற்கு முன் இந்தக் கிளாஸே முழுசாக முடியவில்லை. நேற்றுக் கொட்டைகளைப் பத்து நிமிடம் பார்த்த சந்தோஷத்தில், ஒரு துண்டு ஆரஞ்சுத் தோலை எடுத்து மேலே பிழிந்தேன். ஆரஞ்சும் அன்யேஹோவும் மூக்கில் ஒன்றாக ஏறியபோது, இத்தனை நாள் இது இல்லாமலா குடித்தோம் என்று தோன்றியது. குனிந்து பார்த்தால், தோலின் எண்ணெய் தெறித்த இடங்களில் எல்லாம் நுரையில் அம்மைத் தழும்பு போலச் சின்னச் சின்ன ஓட்டைகள். இன்றைக்கு ராத்திரி தோலைக் கிளாஸின் வெளிப்பக்கமும் தண்டிலும் மட்டும் தேய்த்துப் பார்க்கப்போகிறேன். டம்ளர் ஃப்ரீசரில் இருக்கிறது.